கொத்தளத்துச் சமையலறை

அண்ணி போன் செய்தால் முதலில் சாப்பிட்டாயா என்று கேட்பாள். அடுத்தது அண்ணனின் முதுகுவலி, அதற்கும் அடுத்தது மழை. அன்றைக்கு எடுத்த எடுப்பில், "பாப்பா, கொத்தளம்னா என்ன அர்த்தம்?" என்றாள். எனக்கு ஐம்பது தாண்டிவிட்டது. அண்ணிக்கு இன்னும் நான் பாப்பாதான். வகுப்பு முடிந்து கையெல்லாம் சாக்பீஸ் தூசியோடு கல்லூரி வராந்தாவில் நின்றுகொண்டிருந்தேன். கொத்தளத்துக்கு மருமகளாக வந்து, அங்கேயே பிள்ளை பெற்று, வீடு கட்டி, நரைத்தும் போனவள் இத்தனை வருடம் கழித்து அர்த்தம் கேட்கிறாளே என்று எனக்குச் சிரிப்பு வந்தது.

"என்ன அண்ணி, டிவியில ஏதாவது போட்டியா?" என்றேன்.

அவள் சிரிக்கவில்லை. "ஆபீசருங்க வந்து மேட்டை அளந்துட்டுப் போயிருக்காங்க. அது கோட்டையோட கொத்தளமா இருந்தா எல்லார் வீட்டையும் எடுத்துடுவாங்களாம். வெறும் மேடா இருந்தா விட்டுடுவாங்களாம். நீதான தமிழ் படிச்சவ, நீ சொல்லு" என்றாள்.

எங்கள் ஊர் சேலத்திலிருந்து திருச்செங்கோட்டுப் பக்கம் போகிற வழியில் இருக்கிறது. எந்தக் காலத்திலோ ஒரு பாளையக்காரர் அங்கே மண்கோட்டை கட்டியிருந்தாராம். அகழியைத் தூர்த்து பஸ் ஸ்டாண்டு கட்டிவிட்டார்கள். மதிலை ஊர்க்காரர்கள் கூடை கூடையாக வெட்டி எடுத்துத் தங்கள் சுவர்களுக்குப் பூசிவிட்டார்கள். மிஞ்சியது ஒரு மூலை. மூலை என்றால் ஒரு மேடும் அதன்மேல் சில வீடுகளும்தான். உச்சியில் இருந்தது எங்கள் வீடு. நிலம் புறம்போக்கு. பட்டா கிடையாது. ஓட்டுக் கேட்டு வருகிறவர்கள் எல்லாரும் வாங்கித் தருவதாகச் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார்கள்.

அண்ணி கேட்ட கேள்விக்கு என்னிடம் பதில் இருந்தது. அதுதான் தொல்லை. கொத்தளம் என்பது கோட்டை மதிலிலிருந்து வெளியே புடைத்து நிற்கும் மேடை. மதில் நேராக மட்டும் போனால் அதன்மேல் நிற்கிறவனுக்குத் தூரம் தெரியுமே தவிர, காலடியில் சுவரை ஒட்டி ஒண்டி வருகிறவன் தெரியமாட்டான். அதனால் மூலைகளிலும் இடையிடையேயும் சுவரை வெளியே தள்ளி, வட்டமாகவோ சதுரமாகவோ கட்டினார்கள். அங்கே நின்று பக்கவாட்டில் பார்த்தால் மதிலின் அடி முழுக்கக் கண்ணுக்குப் படும். பீரங்கி வந்த பிறகு அதை ஏற்றி வைக்கவும் அந்த இடம் தோதாக அமைந்தது. இவ்வளவுதான் பொருள்.

சொல் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் நான் கொஞ்சம் தயங்குவேன். பழைய பாட்டுகளில் மதிலுக்கு எயில் என்றும் இஞ்சி என்றும் பெயர் வருகிறது. மறைந்து நின்று அம்பெய்யும் இடத்துக்கு ஞாயில், அகழிக்குக் கிடங்கு, காவல்காட்டுக்கு மிளை. கொத்தளத்தை நான் அந்தப் பாட்டுகளில் பார்த்ததில்லை. ஆனால் கன்னடத்தில் அது கொத்தள என்று அப்படியே இருக்கிறது. தெலுங்கிலும் அதற்கு உறவுச்சொல் உண்டு. யார் யாருக்குக் கொடுத்தது என்று துணிந்து சொல்ல என்னால் ஆகாது. எங்கள் சமவெளியில் மைசூர்ப் படைகள் வருவதும் போவதுமாக இருந்த காலம் ஒன்று உண்டு. படையோடு சொல்லும் வந்து தங்கியிருக்கலாம், அதற்கு முன்பே இங்கே இருந்தும் இருக்கலாம். இன்றைக்குப் பேச்சில் அது தனியாக வருவதே அபூர்வம். கோட்டை கொத்தளம் என்று கோட்டையின் முந்தானையைப் பிடித்துக்கொண்டுதான் வரும். சுதந்திர தினத்தன்று மட்டும் டிவிக்காரர்கள் கோட்டை கொத்தளத்தில் கொடியேற்றினார்கள் என்று சொல்வார்கள். அண்ணன் ஊரில் இருந்தால் அந்தச் செய்தியைக் கேட்டு, "நம்ம ஊட்டுப் பேரைச் சொல்றாம் பாரு" என்பான்.

இதையெல்லாம் போனில் சொல்லவில்லை. "ஞாயிற்றுக்கிழமை வருகிறேன் அண்ணி" என்று மட்டும் சொன்னேன்.

அண்ணனைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அவன் ரிக் வண்டியில் வேலை பார்த்தவன். போர்வெல் போடும் லாரியோடு வடக்கே போனால் வருடத்தில் பெரும்பகுதி மத்தியப் பிரதேசமும் சத்தீஸ்கருமாகப் போய்விடும். பாஷை தெரியாத ஊர்களில், உடம்பெல்லாம் கல்தூள் படிந்து, லாரிக்கு அடியில் படுத்துத் தூங்கியவன். அங்கே அவனை யாரும் பேர் சொல்லிக்கூடக் கூப்பிட்டதில்லை. மாரியம்மன் நோம்பிக்கு மட்டும் எந்த வேலை இருந்தாலும் போட்டுவிட்டு வந்துவிடுவான். எங்கள் பக்கம் திருவிழாவை நோம்பி என்போம். நோம்பியன்று முதல் தீச்சட்டி கொத்தளத்து வீட்டிலிருந்துதான் புறப்படும். அந்தக் காலத்தில் காவல்காரர்கள் ராத்திரி முழுக்க அணையாமல் நெருப்பு வைத்திருந்த இடம் அது என்று ஊரில் சொல்வார்கள். அதனால் அந்த வீட்டு அடுப்பிலிருந்து, அந்த வீட்டுப் பெண் நெருப்பெடுத்துச் சட்டியில் போட, அந்த வீட்டு ஆண் அதை ஏந்தி முன்னால் நடப்பான். ஊரே பின்னால் போகும். பஞ்சாயத்துத் தலைவரானாலும் ஆலை முதலாளியானாலும் பின்னால்தான். அந்த ஒரு சாயங்காலத்துக்காகத்தான் அண்ணன் மிச்ச நாளையெல்லாம் தாங்கினான் என்று நினைக்கிறேன். இப்போது முதுகு போய்விட்டது. ரிக்கும் இல்லை. நோம்பி மட்டும் இருந்தது.

வீடு அண்ணி கட்டியது. இதையும் அழுத்திச் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஊரில் யாரும் அப்படிச் சொல்வதில்லை. அண்ணன் பணம் அனுப்பினான், உண்மைதான். ஆனால் ஓட்டு வீட்டைப் பிரித்து, மேட்டின்மேல் மணலும் செங்கல்லும் தலைச்சுமையாக ஏற்றி, மேஸ்திரியோடு மல்லுக்கு நின்று, கான்கிரீட் போட்ட அன்று மழை வந்தபோது சேலைகளையெல்லாம் கொண்டுவந்து போர்த்தி அதைக் காப்பாற்றியவள் அவள்தான். சமையலறையை வீட்டின் பின்பக்கம் பழைய கல்சுவரை ஒட்டிக் கட்டினாள். வளைந்து போகும் சுவர் அது. மேஸ்திரி இடித்துவிட்டு நேராகக் கட்டலாம் என்றாராம். அண்ணி விடவில்லை. இவ்வளவு கெட்டியான சுவர் இனாமாகக் கிடைக்கும்போது இடிப்பார்களா என்று கேட்டு, அதன்மேலேயே சிமெண்ட் பூசி, வெள்ளையடித்து, அலமாரி அடித்துக்கொண்டாள். ஊரில் யாருக்கும் வளைந்த சமையலறை இல்லை. எனக்கு அந்த வீட்டில் பிடித்த இடமே அதுதான்.

ஞாயிற்றுக்கிழமை அந்தச் சமையலறையில் உட்கார்ந்துதான் அண்ணி எல்லாவற்றையும் சொன்னாள். சென்னையிலிருந்து தொல்லியல் துறையின் பெண் அதிகாரி ஒருவர் வரப்போகிறார். கோவில் மண்டபத்தில் ஊர்க்காரர்களைக் கூட்டி விசாரிப்பார். மேடு கொத்தளம்தான் என்று முடிவானால் சுற்றிலும் கம்பி வேலி போட்டுப் பாதுகாப்பார்கள். ஊருக்கு வெளியே நூல் மில்லுக்கு அந்தப் பக்கம் ஆளுக்கொரு மனை தருவார்களாம், எப்போது என்று தெரியாது.

"நான் கீழத்தெருக்காரர் வீட்டுக்கே போய்ப் பேசிட்டேன்" என்றாள்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கீழத்தெருக்காரர் என்று அவள் சொன்னது தறிப்பட்டறை வைத்திருக்கும் பெரியவரை. முதல் சட்டி தங்கள் தெருவுக்கு வர வேண்டும் என்று அவர் அப்பா காலத்திலிருந்தே கேட்டுக்கொண்டிருக்கும் குடும்பம். அண்ணன் அவரைப் பார்த்தால் எதிர்ப் பக்கமாகப் போவான்.

"அவரே எழுந்திரிச்சு அது கொத்தளம் இல்ல, வெறும் மேடுன்னு சொல்லிடறேன்னாரு. அவருக்கு வேண்டியது சட்டி. எனக்கு வேண்டியது வீடு. கொத்தளமே இல்லைன்னா முதல் சட்டியும் நமக்கு இல்ல, அவ்வளவுதான? போகட்டும். அந்தச் சட்டியில நெருப்பு அள்ளிப் போட்டுப் போட்டு என் கை காய்ச்சுப் போனதுதான் மிச்சம். மாலை மரியாதையெல்லாம் உங்க அண்ணனுக்கு."

"அண்ணனுக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சா என்னைக் கொன்னுடுவாரு. நீ அவரு பக்கத்துல உக்காந்து கையைப் பிடிச்சுக்க. வாயத் தொறக்காம பாத்துக்க. அது போதும் எனக்கு."

"அந்த ஆபீசரம்மா என்கிட்ட அர்த்தம் கேட்டா?"

அண்ணி என்னைப் பார்த்தாள். கெங்கவல்லிப் பக்கத்திலிருந்து வந்தவள். எங்கள் ஊரின் ஏனுங்க, சொல்லுங்க எல்லாம் கடைசிவரை அவள் வாயில் ஒட்டவே இல்லை. எதையும் நேராகக் கேட்பாள். "ஏன் கேக்கப்போறாங்க? நீ சும்மா உக்காந்திரு" என்றாள். நான் சரி என்றேன். சும்மா உட்கார்ந்திருப்பது பொய் ஆகாது என்று எனக்கு நானே சமாதானமும் சொல்லிக்கொண்டேன்.

விசாரணையன்று மண்டபத்தில் நல்ல கூட்டம். அதிகாரி சின்னப் பெண். வெயிலில் முகம் கன்றியிருந்தது. யாரையும் விரட்டவில்லை, மரியாதையாகத்தான் பேசினார். அவர்மேல் எனக்குக் கோபம் வராதது எனக்கே எரிச்சலாக இருந்தது. அண்ணன் துவைத்துத் தேய்த்த வேட்டியோடு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தான். நான் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டேன். என்ன புள்ள, சின்னக் குழந்தையாட்டம் என்பதுபோலப் பார்த்தான். ஆனால் கையை எடுக்கவில்லை.

கீழத்தெருப் பெரியவர் சொன்னபடி எழுந்தார். கூட்டத்தைக் கும்பிட்டார்.

"அம்மிணி, அது கொத்தளமுமில்ல ஒண்ணுமில்லீங்க. சுண்ணாம்புக் காளவாய் இருந்த இடமுங்க. சாம்பலும் ஓட்டாஞ்சில்லும் கொட்டிக் கொட்டி மேடாப் போச்சு. எங்கப்பாரு சொல்லித்தான் எனக்குத் தெரியுமுங்க. பொழைக்க வந்தவங்க நாலு பேரு அங்க ஊடு கட்டிக்கிட்டாங்க. பாவம், இருந்துட்டுப் போறாங்க, உட்ருங்க."

அதோடு நிறுத்தியிருக்கலாம். பொழைக்க வந்தவங்க என்ற வார்த்தை அவருக்கு என்ன ருசியாக இருந்ததோ, இன்னொரு தரமும் சொன்னார். பெண்கள் பக்கம் உட்கார்ந்திருந்த அண்ணியைப் பார்த்தேன். தலையைக் குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என் விரல்களுக்குள் அண்ணனின் மணிக்கட்டு இறுகியது.

"அண்ணா, உக்காருங்கண்ணா" என்றேன்.

கையை உதறிவிட்டு எழுந்துவிட்டான். "யாரு பொழைக்க வந்தவன்? ஏனுங்க அம்மிணி, நீங்க எங்கூட வாங்க. காளவாயா கொத்தளமான்னு நான் காட்டறனுங்க. எங்கப்பாரு, அவுங்கப்பாரு எல்லாம் நின்னு காவல் காத்த எடமுங்க அது. வாங்க!"

கூட்டம் முழுக்க அவன் பின்னால் மேடு ஏறியது. முதுகுவலிக்காரன், படி ஏறவே மூச்சு வாங்குகிறவன், அன்றைக்கு எல்லாருக்கும் முன்னால் ஏறினான். நேராக வீட்டுக்குள் போனான். திண்டாடித் திணறி நான் உள்ளே போவதற்குள் கொல்லையிலிருந்த கடப்பாரை அவன் கையில் இருந்தது. சமையலறைக்குள் போய், அலமாரியை ஒரே இழுப்பில் இழுத்துத் தள்ளினான். மஞ்சள்தூள், மல்லித்தூள், அண்ணியின் எண்ணெய்ச் சட்டி எல்லாம் தரையில். பிறகு அந்த வளைந்த சுவரில் கடப்பாரையைப் போட்டான்.

சிமெண்ட் பூச்சு பட்டை பட்டையாகப் பெயர்ந்து விழுந்தது. உள்ளே கருங்கல் தெரிந்தது. ஒன்றோடொன்று பொருந்தி, இடுக்கில் பழைய சுண்ணாம்போடு, வளைவு கொஞ்சமும் பிசகாமல் போய்க்கொண்டிருந்தது. அண்ணன் நிறுத்தவில்லை. இடித்துக்கொண்டே, "பாருங்க, பாருங்க" என்றான். அவன் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை நான் நோம்பியன்று மட்டும்தான் பார்த்திருக்கிறேன். அண்ணி வாசல்படியில் நின்றாள். தடுக்கவில்லை. கீழத்தெருப் பெரியவர் அவளை ஒரு தரம் பார்த்துவிட்டு, நான் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டேன் என்கிற மாதிரி கையை விரித்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

அதிகாரி கல்லைத் தொட்டுப் பார்த்தார். போட்டோ எடுத்தார். பிறகு என் பக்கம் திரும்பி, "மேடம், நீங்க தமிழ்ப் பேராசிரியைன்னு சொன்னாங்க. மக்கள் வழக்கத்துல கொத்தளம்னு இதைத்தான் சொல்றாங்களா?" என்று கேட்டார்.

கல் எதிரே இருந்தது. அண்ணி பக்கத்தில் இருந்தாள். ஆமாம் என்றேன். மதிலிலிருந்து புடைத்து நிற்கும் பகுதிக்குத்தான் அந்தப் பெயர், இந்த வளைவு அதனுடைய வெளிமுகமாக இருக்கலாம், கன்னடத்திலும் இதே சொல் உண்டு என்று வகுப்பில் சொல்வதுபோல் சொல்லி முடித்தேன். வேறு எதைச் சொல்லியிருக்க முடியும் என்று இன்றுவரை தெரியவில்லை. கன்னடத்தை இழுத்திருக்க வேண்டாம். அண்ணன் மட்டும் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டான்.

வேலை மளமளவென்று நடந்தது. மேட்டிலிருந்த மற்ற வீட்டுக்காரர்கள் அண்ணனை வாய்க்கு வந்தபடி ஏசினார்கள். ஒரு குடும்பம் ஓமலூரில் மகள் வீட்டுக்குப் போயிற்று. மற்றவர்கள் கிடைத்த இடத்தில் ஒண்டினார்கள். சூரமங்கலத்தில் என் வீட்டு மாடியில் வந்து இருங்கள் என்று அண்ணனையும் அண்ணியையும் கெஞ்சினேன். ஊரை விட்டு வரமாட்டேன் என்றான் அண்ணன். அண்ணி பாத்திரங்களைச் சாக்கில் போட்டுக் கட்டிக்கொண்டிருந்தாள். அவர்களுக்கு வாடகை வீடு கிடைத்தது கீழத்தெருவில்தான், பெரியவரின் தறிப்பட்டறைக்குப் பின்னால். பகல் முழுக்கத் தறிச் சத்தம். ஒரு அறை, அதன் மூலையிலேயே அடுப்பு. மேட்டில் வீடுகளை எடுத்துவிட்டு, கல்சுவரைச் சுற்றிக் கம்பி வேலி போட்டு, பாதுகாக்கப்பட்ட இடம் என்று எழுதிய நீலநிறப் பலகை நட்டார்கள். அண்ணன் தினமும் காலையில் அங்கே போய் நின்று, வருகிறவர்களுக்கு விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தான். நான் சொன்ன கன்னட விஷயத்தையும் சேர்த்துச் சொல்கிறான் என்று கேள்விப்பட்டேன்.

இந்த வருடம் நோம்பிக்கு நான் போனேன். போகாமல் இருந்தால் அண்ணி என்ன நினைப்பாளோ என்று பயம். போனால் முகத்தைப் பார்க்க வேண்டுமே என்றும் பயம். முதல் சட்டி கொத்தளத்துக்காரர்களுக்குத்தான் என்று ஊர் முடிவு செய்திருந்தது. அரசாங்கமே பலகை நட்டுவிட்ட பிறகு கீழத்தெருக்காரர்களால் என்ன பேச முடியும்? பொழுது சாயும் நேரத்தில் பம்பைக்காரர்கள் அந்த ஒற்றை அறை வாசலில் வந்து நின்று அடித்தார்கள். அண்ணன் மஞ்சள் வேட்டியும் மாலையுமாக, புதுச் சட்டியைக் கையில் ஏந்தி நின்றான். உள்ளே கேஸ் அடுப்பின் முன்னால் அண்ணி முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அடுப்பு எரியவில்லை.

"நேரமாச்சு. நெருப்பெடு" என்றான் அண்ணன்.

"மாட்டேன்."

மெதுவாகத்தான் சொன்னாள். பம்பைச் சத்தத்தில் வெளியே கேட்டிருக்காது. அண்ணனுக்குக் கேட்டது. திட்டுவான் என்று நினைத்தேன். திட்டவில்லை. கண் கலங்கி என் பக்கம் திரும்பினான்.

"சாமி, நீ நம்ம ஊட்டுல பொறந்தவ. நீ எடுத்துக் குடு. கொத்தளத்துப் பொண்ணு குடுத்தா ஆத்தா ஒண்ணும் சொல்லமாட்டா. குடு கண்ணு."

தீப்பெட்டியை என் கையில் வைத்தான். என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு நோம்பிக் கூட்டத்தில் நடந்த அண்ணன். அவன் கேட்டு நான் எதையும் மறுத்ததில்லை. ஒரு குச்சியை எடுத்தேன்.

அண்ணி என்னைப் பார்க்காமலே சொன்னாள். "குடு பாப்பா. தாராளமா குடு. உனக்குத்தான் திரும்பிப் போறதுக்கு ஒரு வீடு இருக்கே."

குச்சியைக் கிழிக்க முடியவில்லை. தீப்பெட்டியை அடுப்புப் பக்கத்தில் வைத்தேன். "அண்ணா, என்னால முடியலீங்கண்ணா" என்றேன். பம்பைக்காரர்கள் உள்ளே எட்டிப் பார்த்தார்கள். காத்துப் பார்த்துவிட்டு, பெரியவர் வீட்டு வாசலை நோக்கி அடித்துக்கொண்டே நகர்ந்தார்கள். கூட்டமும் அவர்களோடு நகர்ந்தது. அண்ணன் காலிச் சட்டியை ஏந்தியபடி வாசலில் நின்று அதைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

நான் போய் அண்ணியின் பக்கத்தில் உட்காரப் பார்த்தேன். சின்ன அறை. அடுப்புக்கும் சுவருக்கும் நடுவே ஒரு ஆள்தான் உட்கார முடியும். அவள் கொஞ்சம் நகர்ந்திருந்தால் இரண்டு பேர் உட்காரலாம். அவள் நகரவில்லை.